நூற்று இருபத்து மூன்று வரிகள்

பாயான் பாரு
2.2.2025

அன்புத் தம்பி மோகனுக்கு,

அக்கா வடிவு எழுதுவது. இங்கே எங்கள் ப்ளாட் லிஃப்டைத் தவிர எல்லாரும் நலம். நீ, அனுஜா, பிள்ளை மூவரும் மெல்பர்ன் குளிருக்கும் வெயிலுக்கும் பழகிவிட்டீர்களா?

வாட்ஸ்அப்பில் "போன் போடு" என்று மட்டும் உனக்கு ஏழு செய்தி அனுப்பினேன். ஏழுக்கும் நீல டிக் விழுந்தது, பதில் விழவில்லை. ஆகவே தாளை எடுத்துவிட்டேன். தாளில் நீல டிக் கிடையாது. நீ படித்தாயா இல்லையா என்று எனக்குத் தெரியாது, கோபமும் வராது. ஆறாம் வகுப்போடு நின்றவளின் கையெழுத்து இது. பேராசிரியர் பிழை திருத்தி அனுப்பினாலும் வாங்கிக்கொள்வேன்.

விஷயம் கீழ்வீட்டு நல்லம்மாள் அக்காவின் கால். சர்க்கரைப் புண் கட்டைவிரலில் வந்து ஒரு மாதமாக ஆறவில்லை. ஆஸ்பத்திரி மாத்திரையை நிறுத்திவிட்டு ஏதோ பாகற்காய் மாத்திரை சாப்பிடுகிறார். ஏன்க்கா என்று கேட்டேன். டப்பாவை என் மூக்குக்கு நேரே நீட்டினார். "ஆய்வில் நிரூபிக்கப்பட்டது" என்று போட்டு, கீழே உன் பெயர், உன் கட்டுரையின் நம்பர்.

"உன் தம்பி டாக்டரு எழுதியிருக்காரு லா. நீ யாரு, ஸ்க்ரூ எண்ணுறவ!"

ஸ்க்ரூ எண்ணுகிறவளாம். இருபத்தேழு வருஷம் பேக்டரியில் கியூசியாகச் சரக்கில் குறை பார்க்கிற என்னை!

நீ ஆறு வருஷத்துக்கு முன்பு வந்து, பாகற்காய்ச் சாறு குடிப்பதற்கு முன்பும் இரண்டு மணி நேரம் கழித்தும் எங்கள் ப்ளாட் ஆட்களின் விரலைக் குத்தி சர்க்கரை பார்க்கச் சொன்னாயே, அதே கட்டுரைதான். சாறு வைத்த ஐஸ் பெட்டியைத் தூக்கிக்கொண்டு படி ஏறியது நான். நல்லம்மாள் அக்கா மகள் ரூபினி ஜார்ஜ் டவுனில் ஒரு காலேஜ் நூலகத்தில் வேலை செய்கிறாள். அவளை வாசிக்கச் சொன்னேன். "நூத்தி இருபத்தி மூனு பேரு" என்று வாசித்தாள். தம்பி, நான் குத்தியது நாற்பத்தோரு பேரை. மீதி எண்பத்திரண்டு பேரை யார் குத்தினார்கள்?

ஒரு போன் போட்டு, "அக்கா, ஆஸ்பத்திரி மாத்திரையைப் போடுங்க" என்று நீ சொன்னால் போதும். நான் சொன்னால் ஸ்க்ரூ.

அன்புடன்,
அக்கா வடிவு


மெல்பர்ன்
19.2.2025

அன்புள்ள அக்காவுக்கு,

வணக்கம். நாங்கள் நலம். மாமாவுக்கு என் அன்பைச் சொல்லவும். பதில் தாமதத்துக்கு மன்னிக்க வேண்டும், இங்கே வேலை அப்படி. இந்த விஷயத்தை வாட்ஸ்அப்பில் எழுதாமல் இருந்தது நல்லதுதான். இனியும் கடிதமாகவே எழுதுங்கள்.

கட்டுரையில் உள்ள எண்ணிக்கை சரியானது. ஆராய்ச்சிக் கணக்கு வேறு, வீட்டு வாசலில் தலை எண்ணுவது வேறு. அதை விளக்கினால் உங்களுக்குக் குழப்பம்தான் மிஞ்சும். மாத்திரைக் கம்பெனி என்னைக் கேட்டு என் பெயரைப் போடவில்லை. அதற்கு நான் பொறுப்பாக முடியாது. நல்லம்மாள் அக்காவிடம் நான் மருத்துவம் பேசுவதும் முறையல்ல, நான் வைத்தியம் பார்க்கிற டாக்டர் இல்லை.

இன்னொன்று. அந்தச் சமயத்தில் நீங்கள் அளவுகளை எழுதி வைத்த பயிற்சிப் புத்தகம் இன்னும் வீட்டில் இருக்கிறதா? இருந்தால் யாரிடமும் காட்ட வேண்டாம்.

அன்புடன்,
மோகனராஜ்


பாயான் பாரு
8.3.2025

அன்புத் தம்பி டாக்டர் மோகனராஜ் அவர்களுக்கு,

முழுப் பெயரில் கையெழுத்துப் போட்டிருக்கிறாய். நானும் மரியாதை கொடுத்துவிட்டேன்.

புத்தகம் இருக்கிறதா என்று நீ கேட்கும்வரை அதை நான் மறந்தே போயிருந்தேன். கேட்டாயே, உடனே தேடினேன். தையல் மெஷினுக்கு அடியில் இருந்தது. திறந்ததும் சிரித்துவிட்டேன், பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

பெயர் எழுதக் கூடாது, நம்பர் மட்டும் போடு என்று நீதான் சொன்னாய். நான் எங்கள் பேக்டரி லைன் வழக்கப்படி போட்டேன். எங்கள் லைனில் ஒரே சர்க்யூட் போர்டு மூன்று முறை திரும்பி வந்தாலும், ஒவ்வொரு முறையும் புது நம்பர். பார்த்த பார்வைக்குத்தான் நம்பர், பொருளுக்கு இல்லை. ஒவ்வொரு ஆளையும் மூன்று வாரம் பார்த்தேன். நாற்பத்தோரு பேர், மூன்று தடவை. ஒன்றிலிருந்து நூற்று இருபத்து மூன்று வரை வரி ஓடுகிறது. ஓரத்தில் சின்னப் பூ, மீன், குடை என்று எனக்கு மட்டும் தெரிகிற அடையாளம். நல்லம்மாள் அக்கா குடை. குடை மூன்று இடத்தில் இருக்கிறது.

நீ வரியை எண்ணி ஆள் என்று எழுதிவிட்டாய். பாதித் தப்பு என்னுடையது. நம்பர் போட்ட விதத்தை நான் சொல்லியிருக்க வேண்டும். சரி, நடந்தது நடந்துவிட்டது, இப்போது திருத்து.

ரூபினி ஒன்று காட்டினாள். தப்பென்று தெரிந்து திரும்பப் பெற்ற கட்டுரைகளை எல்லாம் ஒரு பட்டியலாக இன்டர்நெட்டில் போட்டிருக்கிறார்கள். காசில்லை, யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். கட்டுரை நம்பரைத் தட்டினால் எதற்காகத் திரும்பப் பெற்றார்கள், யார் கேட்டுப் பெற்றார்கள் என்று வந்துவிடும். ஆயிரம் ஆயிரமாக இருக்கிறது. பெரிய பெரிய பேராசிரியர் எல்லாம் அங்கே வரிசையில் நிற்கிறார்கள், நம் வீட்டுப் பேராசிரியரைத்தான் காணோம்.

எங்கள் பேக்டரியில் ஒரு லாட் சரக்கு ரிஜெக்ட் ஆனால் சிவப்பு டாக் ஒட்டுவோம். அதோடு விடமாட்டோம். அந்த லாட் எந்தப் பெட்டியில் போனது, யார் வாங்கினார் என்று துரத்திக்கொண்டே போவோம். உன் கட்டுரையை நம்பி வேறு பதினான்கு பேர் கட்டுரை எழுதியிருக்கிறார்கள் என்று இன்னொரு பக்கத்தில் ரூபினி எடுத்துக் கொடுத்தாள். பதினான்கு பெட்டி, தம்பி. அதற்கு மேல் ஒரு கால்.

உன் மாமா புதன், சனி, ஞாயிறு நாலு நம்பர் லாட்டரி பார்க்கிறார். நான் தினமும் காலையில் கோப்பி-ஓ குடித்துக்கொண்டே உன் நம்பர் பார்க்கிறேன். இரண்டு பேருக்கும் இன்னும் அடிக்கவில்லை.

புத்தகத்தைப் பத்திரமாக வைத்திருக்கிறேன்.

வடிவு அக்கா


மெல்பர்ன்
29.3.2025

அக்காவுக்கு,

கேலியை நிறுத்துங்கள். உங்களிடம் மறைத்துப் பயனில்லை என்பதால் எழுதுகிறேன்.

நான்கு வருஷத்துக்கு முன்பே எனக்குத் தெரியும். அஃபிக் என்று ஒரு மாணவன், மூன்று மூன்று வரிகள் ஒன்றுக்கொன்று இவ்வளவு ஒத்திருப்பது எப்படி என்று கேட்டான். அன்றைக்கே புரிந்துவிட்டது. அந்த மாதம்தான் எனக்குப் பதவி உயர்வு நேர்காணல். அடுத்த மாதம் சொல்லலாம் என்று நினைத்தேன். அடுத்த மாதம் ஒன்று வரவே இல்லை.

இப்போது யாரோ கட்டுரையை வெளியிட்ட பத்திரிகைக்குக் கேள்வி எழுதியிருக்கிறார்கள். அவர்கள் மூலப் புத்தகத்தைக் கேட்கிறார்கள். தொலைந்துவிட்டது என்று சொல்லப்போகிறேன். அந்தப் பட்டியலில் பெயர் வந்தால் என்ன ஆகும் என்று உங்களுக்குத் தெரியாது. எங்கே வேலைக்கு எழுதிப்போட்டாலும் முதலில் அங்கேதான் தட்டிப் பார்ப்பார்கள். பிள்ளை வளர்ந்து என் பெயரைத் தட்டினாலும் அதுதான் வரும்.

புத்தகத்தைக் கிழித்துப் போட்டுவிடுங்கள். நூற்று இருபத்து மூன்று பேரையும் நீங்களே பார்த்ததாக இரண்டு வரி எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்புங்கள். உங்களிடம் நான் இதுவரை ஒன்றும் கேட்டதில்லை.

முடியாது என்றால், எனக்கு அக்கா இல்லை என்று நினைத்துக்கொள்வேன்.

மோகன்


பாயான் பாரு
14.4.2025

தம்பி,

சித்திரை முதல் நாள். ரூபினி ஜெராக்ஸ் கடையில் எடுத்துத் தந்த பிரதி இதோடு இருக்கிறது. முப்பத்தோரு பக்கம். மூலம் என்னிடம். கிழிக்கமாட்டேன்.

கையெழுத்தும் போடமாட்டேன். இருபத்தேழு வருஷத்தில் இரண்டு மேனேஜர், ஒரு சூப்பர்வைசர் அஸ்லான், மூன்று பேரும் ஒவ்வொரு காலத்தில் "கண்ணை மூடிட்டு பாஸ் போடு வடிவு, லோரி வெயிட்டிங்" என்று கெஞ்சியிருக்கிறார்கள். ஒருத்தருக்கும் போட்டதில்லை. லோரி நின்றது. நானும் நின்றேன். அஸ்லான் கடைசியில் தன் மகள் கல்யாணத்துக்கு எனக்கு முதல் பத்திரிகை வைத்தான். நீ என்னிடம் ஒன்றும் கேட்டதில்லை என்கிறாய். சின்ன வயதில் தின்ன ஐஸ் கச்சாங் கேட்பாய், தினமும் கேட்பாய். அதைக் கொடுத்தேன். இதைக் கொடுக்கமாட்டேன்.

நல்லம்மாள் அக்காவுக்குப் போன செவ்வாய்க்கிழமை கட்டைவிரலை எடுத்துவிட்டார்கள். புத்தகத்தில் ஏழாவது பக்கம் பார், குடை போட்டிருக்கும். அந்தக் குடையின் விரல்தான். வார்டில் படுத்துக்கொண்டும் தலையணைக்கு அடியில் அந்த டப்பாவை வைத்திருந்தார். பிடுங்கினேன். "கொடுடி! உன் தம்பி பொய்யா எழுதுவாரு?" என்று என் கையைக் கிள்ளிவிட்டார். அதற்குப் பதில் உன்னிடம்தான் இருக்கிறது.

பட்டியலைப் பற்றி எனக்குத் தெரியாது என்கிறாய். தினமும் பார்க்கிறேன், எனக்குத் தெரியும். அதில் ஒரு கட்டம், யார் கேட்டுத் திரும்பப் பெற்றது என்று. சிலருக்குப் பத்திரிகை கேட்டது என்று இருக்கும். சிலருக்கு மட்டும், எழுதியவரே கேட்டது. பிள்ளை வளர்ந்து உன் பெயரைத் தட்டட்டும். அந்தக் கட்டத்தில் என்ன இருக்க வேண்டும் என்பதை மட்டும் நீ இப்போது முடிவு செய்யலாம்.

ஜூன் முதல் தேதி வரை பார்ப்பேன். அதற்குப் பிறகு ரூபினியும் நானும் உட்கார்ந்து பத்திரிகைக்கு எழுதுவோம், பிரதியோடு. நீ தொலைந்துவிட்டது என்று சொன்னால், கிடைத்துவிட்டது என்று நான் சொல்வேன்.

அக்கா இல்லை என்று நீ நினைத்துக்கொள். நினைப்பதற்கு நான் என்ன சிவப்பு டாக்கா ஒட்ட முடியும்?

இல்லாத அக்கா,
வடிவு


பாயான் பாரு
12.10.2025

அன்புத் தம்பி மோகனுக்கு,

ஆறு மாதமாக உன் கடிதம் இல்லை. நானும் எழுதவில்லை. இன்றைக்கு எழுதக் காரணம் இருக்கிறது.

ஜூன் முதல் தேதி சொன்னபடி ரூபினியும் நானும் பத்திரிகைக்கு எழுதினோம். நான்கு நாளில் பதில் வந்தது. கட்டுரையை எழுதியவரே மே ஒன்பதாம் தேதி திரும்பப் பெறக் கேட்டுவிட்டார், புத்தகப் பிரதியும் அனுப்பிவிட்டார் என்று. ரூபினி வாசிக்கிறாள், நான் சமையலறையில் போய் நின்றுகொண்டேன். அப்போதே உனக்கு எழுதியிருக்கலாம். கண்ணால் பார்க்காமல் பாஸ் போடுவது என் வழக்கம் இல்லை, உனக்குத் தெரியும்.

காத்திருந்தேன். ஜூலை போனது, ஆகஸ்ட் போனது. உன் மாமா, "உன் நம்பருக்கு என் நம்பரே தேவல லா" என்று கிண்டல் செய்தார். இன்றைக்குக் காலையில் தட்டினேன். வந்துவிட்டது! காரணம்: தரவில் பிழை. கேட்டவர்: எழுதியவர். நான் போட்ட சத்தத்தில் மாமா ஓடி வந்து, "எவ்ளோ அடிச்சிருக்கு?" என்றார். உலகத்தில் தம்பியின் பெயரை அந்தப் பட்டியலில் பார்த்துக் குதித்த ஒரே அக்கா நானாகத்தான் இருப்பேன்.

குதித்து முடித்த பிறகு கோபம் வந்தது. பத்திரிகையின் அறிவிப்பை ரூபினி தமிழில் சொன்னாள். "அளவுகளைத் திருமதி வடிவம்மாள் சரியாகப் பதிவு செய்தார். எண்ணியதில் தவறு முழுவதும் என்னுடையது. நான்கு ஆண்டுகளாகத் தெரிந்தும் சொல்லவில்லை." முழுவதுமா? பாதி என்னுடையது என்று எழுதியிருந்தேனே. அதையும் நீயே எடுத்துக்கொண்டாய். ஐஸ் கச்சாங்கில் என் பங்கையும் இப்படித்தான் எடுப்பாய்.

வார்டில் பிடுங்கிய டப்பாவை எடுத்துக்கொண்டு நல்லம்மாள் அக்கா வீட்டுக்குப் போய்ப் பட்டியலைக் காட்டினேன். அவர் பார்க்கக்கூட இல்லை. "தெரியும் லா. மே மாசமே தம்பி போன் பண்ணிச்சு. நான் தப்பா எழுதிட்டேன், ஆஸ்பத்திரி மாத்திரையப் போடுங்க அக்கான்னு அழுதுச்சு. உன்கிட்ட சொல்லாதேன்னு சத்தியம் வாங்கிக்கிச்சு." ஐந்து மாதமாக மாத்திரை சாப்பிட்டுக்கொண்டே, என் முன்னால் வேறொரு வெறும் டப்பாவை வைத்துக்கொண்டு நடித்திருக்கிறார்! மீதி ஒன்பது விரலும் பத்திரம். சண்டை போட முடியாமல் டீ குடித்துவிட்டு வந்தேன்.

பதவி போனதா, இருக்கிறதா என்று நீ சொல்லவில்லை, நான் கேட்கவும் இல்லை. சொல்கிறபோது சொல்.

ஆனால் வேலை முடியவில்லை. செபராங் ஜெயா கடையில் அந்த டப்பா இன்னும் விற்கிறார்கள். ரூபினியும் நானும் நாளைக்கு உன் அறிவிப்பைப் பெரிதாக ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டு போகிறோம். கடைக்காரர் முறைத்தால் நானும் முறைப்பேன், எனக்கு ஓவர்டைம் பழக்கம். அப்புறம் உன்னை நம்பி எழுதிய பதினான்கு பேர். அவர்களுக்கு யார் சொல்வது? பட்டியலை இதோடு வைத்திருக்கிறேன். முதல் ஏழு உனக்கு, பின் ஏழு எனக்கு. எனக்கு ரூபினி எழுதித் தருவாள், நான் கையெழுத்துப் போடுவேன்.

உன் ஏழையும் எழுதி முடித்ததும் தேதி போட்டு எனக்குத் தெரிவி. சொன்னால் நம்பமாட்டேன், பிரதி அனுப்பு.

இருக்கிற அக்கா,
வடிவு