என் சாடியும் உம்முடைய கண்ணீரும்

கலோபெட்ரா, சைப்ரஸ்
4 மார்ச் 1973

எங்கள் மலையில் எட்டு ஊர்களை ஆண்ட முன்னாள் அதிகாரி, மகாகனம் லயனல் விண்டர்டன் துரை அவர்களுக்கு, காப்பிக்கடை யாக்குமிஸ் எழுதிக்கொண்டது.

கும்பாரே,

எவனும் நம்பமாட்டாத ஒரு கதையை, எங்கள் கோவில் மணிமீது சத்தியம் செய்து உமக்குச் சொல்லப்போகிறேன். நம்பாதது புதிதல்ல. மழை பெய்கிறது என்று நான் சொன்னால் இந்த ஊர் குடையை மடக்கி வைத்துவிடும்.

1951-ல் ஒரு துரை கழுதைமேல் வந்தார். அவ்வளவு நெட்டைக் கால்கள். நடந்தது கழுதையா துரையா என்று இன்னும் வழக்கு நடக்கிறது. எங்கள் பேச்சைக் கற்றார், எங்கள் ஆலிவை எண்ணெய் சொட்டச் சொட்டத் தின்றார். என் கலியாணத்தில் என் இடுப்பில் சிவப்புக் கச்சை கட்டினார். கட்டும்போது அழுத அழுகையை நாங்கள் வாளி வாளியாக இறைத்துக் கோவிலுக்கு வெளியே ஊற்றினோம். அந்த வருடம் கீழ்த்தெருத் திராட்சைக்குத் தண்ணீர் தேவைப்படவில்லை.

கச்சை கட்டியவன் கும்பாரோஸ்; உடன்பிறந்தவனுக்கு ஒரு படி மேல். ஆகவே என் சரக்கறைக்கு அழைத்துப்போய், மாவு மூட்டைகளுக்குப் பின்னால் தரையில் புதைந்திருந்த சாடியைக் காட்டினேன். ஆள் இறங்கி நின்றால் தலை தெரியாத ஒயின் சாடி, எங்கள் குடும்பத்தில் ஒருபோதும் காலியாகாதது. அதிலிருந்து ஒரு கோப்பை கச்சை கட்டியவர்களுக்கு மட்டும்தான். கட்டியவர் இருவர்: நீரும், என் மனைவி மிரோஃபோராவின் அண்ணன் தோஃபிஸும். அது இருக்கும் இடம் வீட்டுக்கு வெளியே தெரிந்ததும் உங்கள் இருவருக்குத்தான்.

1957-ல் அதை முதன்முதலாகக் காலி செய்தோம், உங்கள் ஆட்சியை எதிர்த்ததற்காகப் பட்டாளம் தேடிக்கொண்டிருந்த என் தம்பி லோயிசோஸ் ஒளிந்துகொள்ள. பட்டாளம் மூன்று மணி நேரம் ஊரைப் புரட்டியது. பிறகு நேரே என் சரக்கறைக்கு வந்து, மூட்டைகளைத் தள்ளி, மூடியைத் தட்டிவிட்டது. தம்பி சிறையிலிருந்து இருமலோடு வந்தான், நாலு வருடத்தில் போய்விட்டான்.

நீரோ 1955-லேயே மால்ட்டாவில் தண்ணீர்க் குழாய் பதிக்கப் போவதாகச் சொல்லி எங்களைக் கட்டிப்பிடித்துவிட்டுப் போனவர். எனவே கடையில் எழுந்து நின்று, “தோஃபிஸ்தான் காட்டிக்கொடுத்தான்” என்றேன். நான் வாழ்நாளில் சொன்னவற்றில் ஊர் நம்பியது அந்த ஒன்றைத்தான். அவன் ஜன்னலில் கல் விழுந்தது. பதினாறு வருடமாக லண்டனில் மீன் வறுக்கிறான்.

போன மாதம் அங்கிருக்கும் என் மருமகன் ஒரு செய்தித்தாள் துண்டு அனுப்பினான். உமக்குப் பதக்கமாம், ‘1955 முதல் 1958 வரை சைப்ரஸில் உளவுப் பணிக்காக’. மால்ட்டா இங்கே மிதந்து வந்ததா, கும்பாரே?

தோஃபிஸுக்கு நெஞ்சு கெட்டுவிட்டது. செத்தால் இங்கே தாயின் கல்லறைக்குப் பக்கத்தில் படுக்க வேண்டும் என்கிறான். துரோகியின் பெட்டிக்குத் தோள் கொடுக்கமாட்டோம் என்கிறது ஊர். நான் உண்மையைச் சொன்னேன். “போ மாமா, அடுத்து ராணியம்மாவே வந்து மாவு மூட்டையைத் தள்ளினாங்கன்னு சொல்லுவே” என்று சிரிக்கிறார்கள்.

ஒரே ஒரு வரி எழுதும்: ‘தோஃபிஸ் சொல்லவில்லை.’ கீழே உம் கையெழுத்து. அது போதும்.

மிரோஃபோரா விசாரித்ததாக எழுத ஆசைதான். அவள் விசாரிக்கவில்லை.

உம் கும்பாரோஸ்,
யாக்குமிஸ்


டெவன், இங்கிலாந்து
29 மார்ச் 1973

அன்புள்ள கும்பாரே,

உங்கள் கடிதத்தைப் படித்துச் சிரித்தேன். பாதிக்குமேல் சிரிக்க முடியவில்லை. எனக்கு முதுகுவலி, ரோஜாச் செடிகள், ஒரு கிழட்டு நாய். வேறு செய்தியில்லை.

அந்த ஆண்டுகளைப் பற்றிப் பேசுவதில்லை என்று அரசாங்கத்துக்கு எழுதிக்கொடுத்திருக்கிறேன். ஆம் என்றும் சொல்ல இயலாது, இல்லை என்றும் சொல்ல இயலாது. பட்டாளம் தற்செயலாகவே கண்டுபிடித்திருக்கலாம். ஒன்றை மட்டும் உறுதியாகச் சொல்வேன்: 1955-க்குப் பிறகு நான் கலோபெட்ராவில் கால் வைத்ததில்லை. தோஃபிஸுக்காக வருந்துகிறேன்.

உங்கள் கலியாண நாளை எப்படி மறப்பேன்? கண்ணை மூடினால் அந்தச் சரக்கறைதான். மாவு வாசனை, சாடியின் வாயை மூடியிருந்த நீல எனாமல் பேசின், அதன் விளிம்பில் பூச்சு உதிர்ந்த இடம். இந்த வயதில் இவைதான் துணை.

என்றும் உங்கள்,
லயனல்


கலோபெட்ரா
6 மே 1973

திரு. விண்டர்டன் அவர்களுக்கு,

உம் கடிதம் கிடைத்தது. என் வாயில் வந்தால் பொய்யாகிவிடும் என்று பள்ளி வாத்தியாரிடம் கொடுத்துக் கடையில் படிக்கச் சொன்னேன். பேசின் என்ற சொல் வந்த இடத்தில் கல்தச்சன் ப்ரோத்ரோமோஸ் சீட்டுக்கட்டைக் கீழே வைத்தான். தோஃபிஸ் ஜன்னலில் முதல் கல் எறிந்தவன் அவன்.

“வாத்தியாரே, அந்த வரியத் திருப்பிப் படியும்.”

படித்தார்.

“கலியாணத்துல ஏது பேசின்? கல் மூடிதானே இருந்துது, எங்கப்பா செதுக்கினது. பட்டாளம் வர்றதுக்கு ரெண்டு நாள் முன்னாடிதான் அது ரெண்டாப் போச்சு. வேற செதுக்கிக் குடுன்னு யாக்குமிஸ் மாமா எங்கிட்ட வந்து நின்னாரு.”

“அதுவரைக்கும் இருக்கட்டும்னு மிரோஃபோரா பேசினைக் கவுத்து வெச்சா” என்றேன்.

“நீ வாய மூடு மாமா. நீ சொன்னா நெசமும் கெட்டுப்போவும்.”

அப்போதுதான் மிரோஃபோரா வாசலில் நிற்பதைப் பார்த்தோம். எங்கள் கடைக்குள் பெண்கள் வருவதில்லை. அவள் வந்தாள்.

“புதுப் பேசின் அது. துப்பாக்கிக் கட்டையால தட்டிவிட்டானுங்க, அப்பதான் பூச்சு உதிர்ந்துது. மூஞ்சில துணி சுத்தின நெட்டையன் ஒருத்தன் பக்கத்துல நின்னான்னு அன்னிக்கே சொன்னேன். பயத்துல உளர்றேன்னு இவர்தான் என்னை அடக்கினாரு.”

பட்டாளம் வந்த அன்று ஆண்களையெல்லாம் கோவில் முற்றத்தில் உட்கார வைத்திருந்தார்கள். அவள் மட்டும்தான் வீட்டில் இருந்தாள். ஊர்ப் பொய்யன் நான், உண்மை சொன்ன ஒரே ஆளை நம்பவில்லை.

உலகத்து ரகசியங்களை எல்லாம் பூட்டி வைத்த உம் மூளை ஒரு பேசினில் வழுக்கி விழுந்தது. கேட்டது ஒரு வரி. நீர் மறுத்ததாக நினைத்துக்கொண்டே கொடுத்துவிட்டீர். நன்றி சொல்லமாட்டேன்.

தோள் கொடுக்க நான்கு பேர் எழுந்தார்கள், முதலில் ப்ரோத்ரோமோஸ். ஆனால் தோஃபிஸ் ஜூனில் உயிரோடு வருகிறான். இறங்கியதும் அவன் பார்க்கப்போவது என் முகம். இத்தனை வருடம் கதையளந்த வாய்க்கு அவனிடம் சொல்ல ஒரு வார்த்தை அகப்படவில்லை. உம்மீது பழி போட்டுத் தப்பிக்கவும் வழியில்லை. அவன் பெயரைச் சொன்னது நான்தான்.

இது கடைசிக் கடிதம். பதில் வேண்டாம்.

கழுதை வழக்கு பொய். வாளிகள் பொய், திராட்சை பொய். கச்சைக்கு முடிச்சுப் போடும்போது உம் கண்ணீர் இரண்டு சொட்டு என் மணிக்கட்டில் சூடாக விழுந்தது உண்மை. அந்தச் சின்னத் துண்டைத்தான் இப்போது இங்கே ஒருவனும் நம்பமாட்டேன் என்கிறான்.

யாக்குமிஸ்