கூலி பார்க்க மேடேறிய பெண்கள்

போடிநாயக்கனூர்
7 பிப்ரவரி 1982

பிரியமுள்ள மகள் ஜெபமணிக்கு அம்மா எழுதுவது. கர்த்தர் கிருபையில் நானும் அப்பாவும் நல்ல சுகம், நீயும் மாப்பிள்ளையும் குட்டிப்பயலும் கானோவில் அந்தப் புழுதிக் காற்றுக்கு நடுவிலும் சுகமாயிருக்க வேண்டுமென்று காலை ஜெபத்தில் தினமும் உங்கள் பேரைச் சொல்கிறோம். கிறிஸ்துமஸுக்கு நீ எழுதின கடிதம் வருஷம் பிறந்து வந்து சேர்ந்தது. பேரனுக்குப் பல் வந்த சேதியை எதிர்வீடு பக்கத்துவீடு எல்லாருக்கும் சொல்லியாயிற்று. இங்கே இந்த வருஷம் பனி அதிகம், அப்பாவுக்கு இருமல் வந்து போய்விட்டது, ஏலக்காய் விலை பரவாயில்லை. இனி நடந்த கதையைக் கேள், இத்தனைக்கும் காரணம் நீதான்.

அங்கே நைஜீரிய சர்க்கார் புதிதாகச் சட்டம் போட்டு, மாதம் நூற்றிருபத்தைந்து நைராவுக்குக் குறைந்து யாருக்கும் சம்பளம் கொடுக்கக் கூடாது என்று விதித்ததை எழுதியிருந்தாய் அல்லவா. உங்கள் பள்ளிக்கூடத்துக் காவல்காரர் மூசா கூடின சம்பளத்தில் ஆடு வாங்கி உங்களுக்கும் கறி கொடுத்தனுப்பியதை எழுதியிருந்தாய். அதோடு விடாமல் ஆசிரியர் அறையில் எல்லா தேசத்தாரும் உட்கார்ந்து உங்கள் ஊரில் எப்படி எங்கள் ஊரில் எப்படி என்று பேசிக்கொண்டதையும் எழுதினாய். இங்கிலாந்தில் எல்லாருக்குமாக ஒரே சட்டம் கிடையாது, சில தொழில்களுக்கு மட்டும் ஒரு சபை கூடிக் கூலி விதிக்கும் என்று அந்த ஊர்க்காரர் சொன்னாராம், அமெரிக்காவில் நாள் கணக்கே இல்லை மணிக் கணக்காம், கானா தேசத்து டீச்சர் எங்கள் ஊரிலும் சட்டம் உண்டு ஆனால் ஒரு நாள் கூலியைக் கொண்டுபோனால் ஒரு ரொட்டி கிடைப்பதே பெரிது என்று சிரித்தாராம். இதையெல்லாம் அப்பா வீட்டில் வாசித்ததோடு விட்டிருக்கலாம். மகள் ஆப்பிரிக்காவிலிருந்து எழுதுகிறாள் என்கிற பெருமையில் கடைக்குக் கொண்டுபோய், ஏலக்காய் பொறுக்குகிற பெண்கள் அத்தனை பேருக்கும் கேட்கிற மாதிரி, பிரசங்க பீடத்தில் நின்று வேதம் வாசிக்கிற குரலில் முழுவதையும் வாசித்தார்கள்.

பிச்சையம்மாளை உனக்குத் தெரியும், நீ பள்ளிக்கூடம் போகிற காலத்திலிருந்து நம் கடையில் பொறுக்குகிறவள். கையில் சுளகை ஆட்டிக்கொண்டே, நம்ம தேசத்துல அப்படி ஒண்ணும் இல்லையாக்கும் ஐயா என்றாளாம். நைஜீரியாவுக்கு முன்னால் நம் தேசத்தை விட்டுக்கொடுக்க அப்பாவுக்கு மனம் வருமா, ஏன் இல்லை, சுதந்திரம் வந்த மறுவருஷமே சட்டம் போட்டாச்சு என்று சொல்லியிருக்கிறார்கள். அப்ப காய் பொறுக்குற பொம்பளைகளுக்கு எம்புட்டுன்னு போட்டுருக்காக என்று அவள் கேட்டதும் அப்பா கடிதத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, அது தொழிலுக்குத் தொழில் வேறவேற, நம்ம தொழிலுக்கு உண்டா இல்லையான்னு விசாரிச்சுத்தான் சொல்லணும் என்று ஒப்பேற்றிவிட்டு வந்துவிட்டார்கள். நம் கடையில் கிலோக் கணக்குத்தானே கூலி. நல்ல பெரிய காய் வந்தால் ஆறு ஏழு ரூபாய் பார்ப்பார்கள், பொடிக்காயும் வெடித்த காயுமாக வந்துவிட்டால் நாள் முழுக்கக் குனிந்திருந்தாலும் நாலு ரூபாய் தேறாது. அது எனக்கும் தெரிந்ததுதான், ஆனால் அதைப் பற்றி யாரும் வாய் திறந்து பேசினதில்லை.

அடுத்த திங்கட்கிழமை காலையில் கடையில் ஒரு பெண்கூட இல்லை. எடை போடுகிற சுருளியாண்டி வீட்டுக்கே ஓடிவந்து, எல்லாரும் மலை ஏறுற மேட்டு ஜீப்புல ஏறிப் போயிட்டாகம்மா, பூப்பாறைப் பக்கம் கேரளாக்காரக கடையில கூலி கூடத் தர்றாகளாம் என்றான். அப்பாவுக்கு முதலில் கோபம், பிறகு பயம். வியாழக்கிழமை ஏலத்துக்குப் போக வேண்டிய காய் மூட்டை மூட்டையாகப் பொறுக்காமல் கிடக்கிறது, அந்த ஏலம் தவறினால் தோட்டக்காரர்கள் அடுத்த வருஷம் நம் கடைக்குக் காய் போட மாட்டார்கள். நானும் அப்பாவும் சுருளியாண்டியும் சுளகை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தோம். நீ நம்ப மாட்டாய், சாயங்காலம் அப்பாவைக் கைகொடுத்துத் தூக்கித்தான் எழுப்பினோம். நம் கடை ரேட்டுப்படி அப்பா அன்றைக்குப் பொறுக்கின காய்க்கு ஒரு காபியும் ஒரு வடையும்தான் வரும், அதை நான் சொல்லவில்லை, சுருளியாண்டி சொல்லிவிட்டான். அப்பா அவனை முறைத்துவிட்டு அப்புறம் தானும் சிரித்துவிட்டார்கள். ஆனால் செவ்வாய்க்கிழமை ராத்திரி சாப்பாட்டில் கை வைக்கவில்லை. பிச்சையம்மா போயிட்டா சொர்ணம், சொல்லாமப் போயிட்டா என்று அதையே சொல்லிக்கொண்டிருந்தார்கள். எனக்கும் கூலியைவிட அதுதான் உறுத்தியது.

புதன்கிழமை காலையில் நான் கடைக்குப் போனால் அத்தனை பெண்களும் அவரவர் இடத்தில் உட்கார்ந்து பொறுக்கிக்கொண்டிருக்கிறார்கள். அப்பா அவர்களைப் பார்க்காத மாதிரி தராசைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். பிச்சையம்மாள்தான் பேசினாள். வேலைய விட்டுட்டுப் போகல ஐயா, சொன்னா விட மாட்டீகன்னு சொல்லாமப் போனோம். ஒங்க மக அத்தன தேசத்தையும் கேட்டு எழுதியிருக்கு, நமக்கு மேட்டுக்கு அங்கிட்டே ஒரு தேசம் இருக்கே, அதையாவது பாத்துட்டு வருவோம்னுதான் போனோம் என்றாள். என்னதான் பார்த்தீர்கள் என்று அப்பா கேட்க, ஆளுக்கு ஒன்றாகச் சொல்லத் தொடங்கினார்கள். அங்கன நாளுக்குப் பத்து ரூபா, பொடிக்காயா இருந்தாலும் பெருங்காயா இருந்தாலும் பத்துதான், ஆனா ஜீப்புக்கு ரெண்டு போயிரும், விடியுமுன்ன ஏறணும், வீடு வர இருட்டிருது, கைப்புள்ளய விட்டுட்டு வந்த அக்கம்மா பால் கட்டி அழுதா. அதனால் பத்து ரூபாய் கேட்டு அவர்கள் வரவில்லையாம். எந்தக் காய் வந்தாலும் நாளுக்கு எட்டு ரூபாய்க்குக் கீழ் குறையாது என்று ஒரு சொல் சொன்னால் போதுமாம், அதற்கு மேல் பொறுக்கினால் பழைய கிலோக் கணக்கு.

அப்பா முப்பது வருஷமாக ஏலத்தில் நின்றவர்கள், பேரம் என்றதும் முகமே தெளிந்துவிட்டது. ஆறு என்றார்கள், பெண்கள் எட்டிலேயே நின்றார்கள், அப்பா ஆறேகால் என்றார்கள், யாரோ ஒருத்தி ஜீப் இன்னும் புறப்படவில்லை என்று சும்மா சொல்லிவைத்தாள். கடைசியில் ஏழில் வந்து நின்றது. அப்போது கைப்பிள்ளைக்காரி அக்கம்மாள், கானாக்காரக டீச்சர் சிரிச்ச மாதிரி நம்ம கதையும் ஆயிரக் கூடாது ஐயா, அரிசி வெல ஏறுனா இதையும் ஏத்தணும் என்றாள். வருஷா வருஷம் காய் எடுப்பு தொடங்கும்போது உட்கார்ந்து பேசுவோம் என்று அப்பா ஒத்துக்கொண்டார்கள். அன்றைக்கு விளக்கு வைத்த பிறகும் ஒருத்தியும் எழுந்திருக்கவில்லை, வியாழக்கிழமை ஏலத்துக்குக் காய் முழுசும் போய்ச் சேர்ந்தது.

இது தெருவில் பரவாமல் இருக்குமா. ஞாயிற்றுக்கிழமை கோயில் ஆராதனை முடிந்து வந்தால் மேலத்தெரு ஏலக்காய்க் கடைக்காரர் பொன்னுராஜ் இன்னும் மூன்று கடைக்காரர்களோடு வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருக்கிறார். நீங்க ஏத்திட்டா நாங்களும் ஏத்தணும், தொழில் தாங்காது, பழையபடி கிலோக் கணக்குக்கு வராட்டி வடக்க போற லாரியில ஒங்க மூட்டைய ஏத்த மாட்டோம் என்றார். ஏலத்தில் எடுத்து வடக்கே அனுப்புகிற சரக்குக்கு எல்லாக் கடைக்கும் சேர்த்து ஒரே லாரிதான், நம் ஒரு கடைச் சரக்குக்குத் தனி லாரி பிடித்தால் லாபம் வாடகைக்கே போய்விடும். அப்பா எல்லாருக்கும் காபி கொடுக்கச் சொல்லிவிட்டு நிதானமாக, மேட்டு ஜீப்புல இன்னும் இடம் இருக்குங்க, இப்ப எங்க கடைப் பொம்பளைக போய் வந்தாக, அடுத்து யாரு கடையிலன்னு எனக்குத் தெரியாது என்றார்கள். வந்தவர்கள் காபியைக் குடிக்காமல் போனார்கள். இரண்டு வாரம் லாரியில் இடம் தரவில்லை, நம் மூட்டைகள் கடையிலேயே கிடந்தன, அப்பா வெளியே தைரியமாகப் பேசிக்கொண்டு உள்ளே புரண்டு புரண்டு படுத்தார்கள். பிறகு ஒரு காலையில் பொன்னுராஜ் கடைப் பெண்கள் நாலு பேர் ஜீப் ஏறினார்கள். மறுநாளே அவரும் ஏழு என்று சொல்லிவிட்டார். இப்போது லாரி பழையபடி நம் கடை முன்னால் வந்து நிற்கிறது, அப்பாவும் அவரும் எதிர்ப்பட்டால் காய் விலையை மட்டும் பேசிக்கொள்கிறார்கள்.

ஒன்று சொல்ல விட்டுப்போயிற்று. புதுக் கூலி கொடுத்த முதல் சனிக்கிழமை நானும் கடையில் இருந்தேன். எல்லாரும் வாங்கி முடித்ததும் பிச்சையம்மாள், அம்மாவுக்கு எம்புட்டு ஐயா, திங்களும் செவ்வாயும் அவுகளும்தான பொறுக்குனாக என்றாள். அப்பா வேடிக்கை என்று நினைத்துச் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை, ஒருத்தியும் எழுந்து போகவும் இல்லை. அப்பா ஒரு நிமிஷம் என்னைப் பார்த்துவிட்டு, இரண்டு ஏழு பதினாலு ரூபாயை எண்ணி என் கையில் கொடுத்தார்கள். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து இந்தக் கடைக்கு எத்தனையோ மூட்டை பொறுக்கியிருக்கிறேன் மகளே, எனக்கு வேண்டியதையெல்லாம் அப்பாவிடம் கேட்டு வாங்கித்தான் பழக்கம், அதில் ஒரு குறையும் எனக்குத் தோன்றினதில்லை. ஆனால் அந்தப் பணத்தை எங்கே வைப்பது என்று தெரியாமல் வீடு வரும்வரை கையிலேயே பிடித்துக்கொண்டு வந்தேன். ராத்திரி அப்பா, என்ன வாங்கப் போற என்று கேட்டார்கள். சொல்ல மாட்டேன் என்றேன். அவர்களும் விட்டுவிட்டார்கள்.

ஞாயிற்றுக்கிழமைதோறும் மலேரியா மாத்திரை போட மறக்காதே, மாப்பிள்ளைக்கும் ஞாபகப்படுத்து, தண்ணீரைக் கொதிக்கவைத்தே பேரனுக்குக் கொடு. மூசாவுக்கு எங்கள் ஸ்தோத்திரம் சொல். அந்த ஆசிரியர் அறையில் ஒரு தரம் விசாரித்து எழுது, தன் வீட்டுக் கடையில் வேலை செய்கிற பெண்ணுக்கு இவ்வளவு என்று சட்டம் போட்டிருக்கிற தேசம் ஏதாவது உண்டா. பிச்சையம்மாள் கேட்கச் சொன்னாள், எனக்கும் தெரிந்துகொள்ள ஆசை. கர்த்தர் உங்கள் மூவரையும் கண்மணி போலக் காத்து, உங்கள் கையின் பிரயாசத்தை ஆசீர்வதிப்பாராக. இந்தக் கடிதத்துக்குத் தபால்தலை என் பணத்தில் வாங்கி ஒட்டியிருக்கிறேன்.

உன் அன்பு அம்மா,
சொர்ணலதா