டமாரம் குடும்பத்தின் இடது பக்கம்

1961 நவம்பர் 6, திங்கள்

காலையிலிருந்து தூறல். துணி காயவில்லை. மூன்றாம் வகுப்புக் கூரை ஒழுகல். பிள்ளைகளை நான்காம் வகுப்போடு சேர்த்து உட்கார வைத்தேன்.

மதியம் பிள்ளைகள் கையில் புதுப் பத்திரிகை. அதில் எங்கள் ‘டமாரம் குடும்பம்’ படக்கதை. ஐந்து வருடமாகக் கதை நான், படம் இவர். இந்த முறை மல்லாட்டைத் தோலை உரித்துக் கடலை எடுக்கும் இயந்திரம். டமாரம் விசையைத் திருப்புகிறார். மல்லாட்டை அப்படியே இருக்க, வீட்டு ஓடு மொத்தமும் உரிந்து பறக்கிறது. எழுதும்போது எனக்கே சிரிப்பு தாங்கவில்லை. வகுப்பில் ஒருத்தரும் சிரிக்கவில்லை.

காமாட்சிதான் வாய் திறந்தாள். “முன்ன மாதிரி இல்ல டீச்சர். சார் ஜல்தி ஜல்தியா வரைஞ்சுட்டாரு. வூடு பாதிதான் கீது. டமாரம் பொஞ்சாதியவே காணோம்.”

சுருக்கென்றது. இவரிடம் சொல்லவில்லை. வாங்க வேண்டியது: மண்ணெண்ணெய், மகள் எஸ்தருக்கு ரிப்பன்.

7, செவ்வாய்

பழைய பத்திரிகைகளை எடுத்துப் பார்த்தேன். முன்பெல்லாம் ஒவ்வொரு கட்டத்திலும் இண்டு இடுக்கு விடாமல் ஆள், ஆடு, பானை, புகை. இப்போது இடது பக்கம் வெறும் காகிதம். ஆட்டுக்கு முன்னங்கால் இல்லை. டமாரத்தின் மூக்குக்கண்ணாடியில் ஒரே வட்டம். கொஞ்ச நாளாகத் தலைவலி என்கிறாரே, அந்த அவசரம் என்றுதான் நினைத்திருந்தேன்.

“என்னங்க, இந்தப் பக்கம் ஏன் காலியா வுட்டுட்டீங்க?”

“எந்தப் பக்கம்? எல்லாம் போட்டுத்தான இருக்கேன்?”

கோபப்பட்டிருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும். நிஜமாகவே புரியாமல் என்னைப் பார்த்தார்.

9, வியாழன்

மழை விட்டது. காலையில் நாலு இட்லி வைத்தேன். இரண்டைச் சாப்பிட்டுவிட்டு, “இன்னும் ரெண்டு வை ஞானம்” என்றார். தட்டில் இடது பக்கம் இரண்டு அப்படியே. விளையாடுகிறார் என்று நினைத்துத் தட்டைத் திருப்பினேன்.

“அட, இது எங்க இருந்துச்சு?”

எஸ்தர் விழுந்து விழுந்து சிரித்தாள். ஒன்பது வயது, அவளுக்கென்ன தெரியும். அப்போதுதான் கவனித்தேன், இடது கன்னத்தில் சவரம் செய்யவே இல்லை. இப்படியே பள்ளிக்கூடம் போய் டிராயிங் கிளாஸ் எடுத்திருக்கிறார். அடுப்படியில் போய் நின்றுகொண்டேன்.

11, சனி

எழுதி வைத்தால் மனசு அடங்குமோ என்று எழுதுகிறேன்.

நான் கடைக்குப் போயிருந்த நேரத்தில் எஸ்தரை சைக்கிளில் வைத்துக் கிளியனூருக்குக் கிளம்பியிருக்கிறார். சாலைக்கு இடப்பக்கம் ஏரி, தளும்பத் தளும்ப. நேராக அதற்குள்.

“நான் கத்தினேம்மா. அப்பா ஏரி, அப்பா ஏரின்னு. ‘எங்க, எங்க’ன்னு கேட்டுக்கினே போறாரும்மா.” பிள்ளை குதித்திருக்கிறாள். முட்டியில் சிராய்ப்பு. கடவுளே.

இரண்டு பேரையும் கூட்டி வந்த வண்டிக்காரர் வாசலில் தயங்கி நின்று சொன்னார். “தப்பா எடுத்துக்காதீங்கம்மா. வாத்தியாரு குடிச்சுக்கினு வர்றாருன்னு நெனச்சுட்டேன்.” இவர் தொட்டதே இல்லை.

ஈர வேட்டியோடு உட்கார்ந்திருந்தார். “ஞானம், அங்க ஏரியே இல்ல. திடீர்னு வந்துச்சு” என்றார்.

சைக்கிளுக்குப் பூட்டுப் போட்டுவிட்டேன்.

13, திங்கள்

லீவு. விழுப்புரம் ஆஸ்பத்திரி. ரயிலில் கூட்டம், இவர் கையை விடவே இல்லை நான்.

டாக்டரம்மா விரலை ஆட்டி ஆட்டிக் காட்டினார். இடப்பக்கம் ஆட்டியது எதுவும் தெரியவில்லை. பிறகு காகிதம் கொடுத்து, பிடித்ததை வரையுங்கள் என்றார். டமாரத்தை வரைந்தார். குல்லாவைப் பார்த்துச் சிரித்தார் டாக்டரம்மா. முழுப் படத்தையும் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

என்னை மட்டும் வெளியே கூப்பிட்டார். “கண்ணுல ஒண்ணும் கோளாறு இல்லம்மா. தலைக்குள்ள ஏதோ அழுத்துது. கட்டியா இருக்கலாம். உடனே மெட்ராஸ் கூட்டிக்கிட்டுப் போங்க.”

“தலையைத் திறப்பாங்களா?”

“திறக்க வேண்டியிருக்கும்.”

“பொழச்சுக்குவாரா?”

“இங்கயே வச்சிருந்தா பொழைக்க மாட்டாரு.”

ஸ்டேஷனில் என்ன சொன்னார்கள் என்று கேட்டார். மறைக்க மனசு வரவில்லை, எல்லாம் சொன்னேன். டீ ஆறிக்கொண்டிருந்தது.

“அப்ப என் கை போகல, இல்ல?” என்றார். “படம் கெட்டுப்போச்சுன்னு எனக்கும் தெரியும் ஞானம். ஏன்னுதான் தெரியல. கை போயிடுச்சுன்னு பயந்துக்கினு இருந்தேன்.”

எனக்கு அழுகை. அவருக்கு முகத்தில் ஒரு தெளிவு.

15, புதன்

மறுபடி மழை. போர்வை, சொம்பு, வேட்டி இரண்டு, பைபிள். பத்திரிகைக்குத் தந்தி: இந்த மாதம் படம் இல்லை. வேறு ஆளை வைத்து வரைந்துகொள்ளுங்கள் என்று சேர்க்க நினைத்தேன்; சேர்க்கவில்லை.

எஸ்தரை பிரம்மதேசத்தில் என் தங்கை வீட்டில் விட வேண்டும். ஜடை பின்னும்போது கேட்டாள்: “அப்பா தலைக்கு மெஷின் வச்சா பண்ணுவாங்க?”

“தெரியலடி.”

“டமாரம் மெஷின் மாதிரி வாணாம்மா. அது எல்லாம் வெடிக்குது.”

பாதி ஜடையிலேயே கை நின்றுவிட்டது. அவற்றையெல்லாம் எழுதியது நான்தானே.

24, வெள்ளி. சென்னை

நேற்றுத் திறந்தார்கள். கட்டிதான். பெரும்பகுதி எடுத்தாயிற்றாம். உயிருக்குப் பயமில்லை என்று இன்று காலைதான் சொன்னார்கள். அதுவரை தண்ணீர்கூட இறங்கவில்லை. இடப்பக்கப் பார்வை திரும்புமா என்று இப்போது சொல்ல முடியாதாம்.

மத்தியானம் உள்ளே விட்டார்கள். தலை முழுக்கக் கட்டு. கட்டிலில் அவருக்கு இடப்பக்கம்தான் நிற்க இடம் இருந்தது, நின்றேன். மெதுவாகக் கண் திறந்தார். விட்டத்தைப் பார்த்தார். கதவைப் பார்த்தார்.

“ஞானம் வரலையாம்மா?” என்று நர்ஸைக் கேட்டார்.

கை நீட்டினால் தொடும் தூரம். கட்டிலைச் சுற்றிக்கொண்டு அந்தப் பக்கம் போனேன்.

“எப்ப வந்த?”

“இப்பதாங்க.”