நாய்க்கு வந்த உன் குரல்

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது. இங்கே நாங்கள் எல்லோரும் சுகம். நீயும் சுகம் என்று உன் குறுஞ்செய்தி சொல்கிறது, ஆனால் அதை உன் வாயால் கேட்டு நாலு மாதம் ஆகிறது. போன் அடித்தால் எடுப்பதில்லை, அதனால்தான் கடிதம். மூன்று நாளாக எனக்கு ஓர் இடத்தில் இருப்புக் கொள்ளவில்லை, அடுப்பில் பாலை வைத்துவிட்டு மாடிக்குப் போகிறேன், எதற்கு வந்தேன் என்று தெரியாமல் திரும்பி இறங்குகிறேன்.

ஞாயிறு மதியம் அக்கா பிள்ளைகள் இரண்டையும் மாமனாரையும் கூட்டிக்கொண்டு வந்திருந்தாள். டிவியில் ஒரு பேசும் நாய் படம், தொப்பியெல்லாம் போட்ட நாய், வெளிநாட்டுப் படத்துக்குத் தமிழ்க் குரல் கொடுத்திருந்தார்கள், குழந்தைகள் படம்தான் என்று உன் அப்பாவே போட்டுவிட்டார். பத்து நிமிடம் ஆகவில்லை, அந்த நாய் எதிர்வீட்டுப் பெண் நாயைப் பார்த்துப் பேசிய பேச்சு இருக்கிறதே, எழுதவே கை கூசுகிறது. எனக்கு இருப்பது இரண்டு கை, பொத்த வேண்டியது நாலு காது. அப்பா பதறிப்போய் ரிமோட்டில் எதை அழுத்தினாரோ, சத்தம்தான் கூடியது. ஹெட்மாஸ்டராக இருந்து ஓய்வு பெற்ற சம்பந்தி முகத்தில் எப்படி விழிப்பது என்று நான் கூனிக்குறுகி நிற்க, அந்த மனுஷன் கண்ணில் நீர் வரச் சிரித்துக்கொண்டு, "நிறுத்தாதீங்க, அதுக்கு அந்தப் பொண்ணு என்ன சொல்லுதுன்னு பாப்போம்" என்கிறார். பிள்ளைகளை விளையாடத் துரத்திவிட்டு நாங்கள் பெரியவர்கள் முழுப்படமும் பார்த்தோம், வெட்கக்கேடு.

அதற்குள் அது உன் குரல் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. அந்த நாய் சிரிக்கும் முன் மூக்கால் ஓர் இழுப்பு இழுத்தது, நீ சின்ன வயதிலிருந்து இழுப்பாயே அதே இழுப்பு. அக்கா என்னைப் பார்த்தாள், நான் அவளைப் பார்த்தேன், சம்பந்தி இருக்கிறாரே என்று இருவரும் வாயைத் திறக்கவில்லை. கடைசியில் பெயர்கள் ஓடும்போது அப்பா கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு டிவியை ஒட்டி நின்று தேடினார், உன் பெயர் வரவில்லை. மறுநாள் சவரம் செய்துகொண்டே, "அவன் இன்சூரன்ஸ் ஆபீஸ்லதானே இருக்கான்" என்று கேட்டார்.

பொய் சொன்னதற்குக் கோபம் இருக்கிறது, இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் அந்த வேலை பிடித்திருந்தால் செய், அசிங்கமாகப் பேசித்தான் ஆகவேண்டும் என்றால் பேசிக்கொள், நாள் முழுக்கக் குரைத்தால் தொண்டை என்னத்துக்கு ஆகும், வெந்நீர் குடி. என்னைப் படுத்துவது அது இல்லை. படத்தில் வீட்டைக் காலி செய்துகொண்டு போகிறவர்கள் அந்த நாயை விட்டுவிட்டுப் போகிறார்கள் இல்லையா, அங்கே அது பூட்டிய கதவின் முன் உட்கார்ந்து அழுகிறது. அதற்கும் எல்லோரும் சிரித்தார்கள். அழுகையை விழுங்கப் பார்த்து முடியாமல் நடுவில் ஒரு விக்கல் வந்தது பார், பத்தாம் வகுப்பில் பரீட்சை போனபோது நீ குளியலறைக்குள் அழுததை வெளியே நின்று கேட்டேனே, அதே விக்கல். அதை எவனும் உனக்கு எழுதிக் கொடுத்திருக்க முடியாது. உனக்கு அங்கே என்னடா ஆச்சு?

நோய்நொடி இல்லாமல், மனக்குறை இல்லாமல் நீ நூறு வயது இருக்க வேண்டும். இந்தக் கடிதம் கிடைத்த அன்று மாலை ஆறு மணிக்கு போனைக் கையிலேயே வைத்திரு, தினமும் அந்த நேரத்துக்கு அடிக்கிறேன். ஒன்றும் சொல்லப் பிடிக்காவிட்டால் சொல்லாதே, எடுத்து அழுதுவிட்டாவது வை.

உன்னைப் பெற்ற
அம்மா