தாண்டிப்போன மசக்கை

சரியாயா, கெஸோன் மாகாணம்
செப்டம்பர், ஞாயிறு பிற்பகல்

அன்பு மகன் ஜெர்வினுக்கு, அப்பா கிறிசாந்தோ ஆசீர்வதித்து எழுதுவது.

எனக்கு முழங்கால் வலியைத் தவிரக் குறை ஒன்றுமில்லை. சமையலறைக் கூரை ஒழுகிய இடத்தைப் போன வாரம் அடைத்துவிட்டேன். பழைய ஜீப்னி வண்டியை விற்கச் சொன்னாயே, ஒருவன் வந்து பார்த்துவிட்டுப் போனான். அவன் முகம் எனக்குப் பிடிக்கவில்லை. அடுத்த வரியில் வீட்டில் எல்லோரும் சுகம் என்று எழுத வேண்டும். எழுத வரவில்லை.

போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று கேட்பாய். நீ ஞாயிறுதோறும் கூப்பிடும்போது உன் மனைவி அனலின் என் தோளை உரசிக்கொண்டு நிற்கிறாள். "எல்லாம் நல்லாருக்கு" என்பதற்கு மேல் ஒரு வார்த்தை வந்தால் விலாவில் கிள்ளுகிறாள். கடலில் இருப்பவனின் மனதைக் கலைத்தால் அவன் ஏணியில் கால் தவறிவிடுவான் என்பது அவள் கட்சி. போனில் உன்னிடம் மூச்சுவிடக்கூடாது என்று சிலுவையைத் தொட்டுச் சத்தியம் வாங்கியிருக்கிறாள். கடிதத்தைப் பற்றிச் சத்தியத்தில் ஒன்றும் இல்லை. நம் தெரு நெஸ்டோர் வரும் புதன்கிழமை ரோட்டர்டாமில் உன் கப்பலில் ஏறுகிறானாம். அவன் கையில் கொடுத்தனுப்புகிறேன்.

விஷயத்துக்கு வருகிறேன். அனலினுக்கு இரத்தத்தில் சர்க்கரை ஏறியிருக்கிறது. சுகாதார நிலையத்தில் இனிப்புத் தண்ணீரைக் குடிக்க வைத்து இரத்தம் எடுத்துப் பார்த்தார்கள். சோற்றைக் குறை, இனிப்பைக் கண்ணால் பார்க்காதே என்றார்கள். குறையாவிட்டால் லுசேனா ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டுமாம். வயிற்றுப் பிள்ளைக்கு ஆபத்து என்று அங்குள்ள நர்ஸ் அவள் முகத்துக்கு நேரே சொன்னாள். எனக்கு வந்த கோபத்தை விழுங்கிக்கொண்டேன். அவள் சொன்னது உண்மைதானே.

இதோடு போயிருந்தால் நான் பேனாவை எடுத்திருக்க மாட்டேன். செப்டம்பர் பிறந்ததும் கடைகளில் கிறிஸ்துமஸ் பாட்டுப் போட்டுவிட்டார்கள். அரிசி வாங்கப் போன இடத்தில் பழக்கலவை டின்களைக் கோபுரமாக அடுக்கி வைத்திருந்தார்கள். அனலின் அதற்கு முன்னால் நின்றாள், நின்றுகொண்டே இருந்தாள். வீட்டுக்கு வந்து, "அப்பா, எனக்கு பூக்கோ சாலட் வேணும் போல இருக்கு" என்று சின்னப் பிள்ளை மாதிரி சொன்னாள். இளநீர் வழுக்கையும் பழமும் க்ரீமும் போட்டுக் கிறிஸ்துமஸுக்கு உன் அம்மா செய்வாளே, அதேதான். மசக்கை மூன்று மாதத்தோடு போய்விடும் என்பார்கள். இவளுக்கு ஆறாம் மாதத்தில் திரும்பி வந்திருக்கிறது.

நான் சிரித்து மழுப்பினேன். அவள் சிரிக்கவில்லை. அப்போதுதான் சொன்னாள். போன வருடம் தங்காமல் போன பிள்ளை வயிற்றில் இருந்தபோதும் இதே சாலட்டைத்தான் கேட்டாளாம். உன்னிடம் கேட்டாளாம். கிறிஸ்துமஸ் வரட்டும், அண்டா நிறையச் செய்யலாம் என்றாயாம். கிறிஸ்துமஸ் வருவதற்குள் பிள்ளை போய்விட்டது. மகனே, யாராக இருந்தாலும் அப்படித்தான் சொல்லியிருப்பார்கள். அவளும் உன்னைக் குறை சொல்லவில்லை. ஆனால் கேட்டது கிடைக்காததால்தான் பிள்ளை கோபித்துக்கொண்டு போயிற்று என்று இத்தனை நாளும் மனதில் வைத்துப் புழுங்கியிருக்கிறாள். இந்த முறை பிள்ளைக்கென்று ஒரு சட்டைத்துணிகூட வாங்க விடமாட்டேன் என்கிறாள்.

பக்கத்து வீட்டு மருத்துவச்சி பாசிங் அக்காவைக் கேட்டேன். "மசக்கைக்குக் கேட்டதக் கொடுக்காம விட்டா வயிறு தங்குமாய்யா? ஜீப்னி ஓட்டுன ஆளுக்கு இதுகூடத் தெரியாதா?" என்றார். நர்ஸிடம் ஒரே ஒரு கரண்டி கொடுக்கலாமா என்று கேட்டேன். "எல்லாரும் ஒரு கரண்டின்னுதான் தாத்தா ஆரம்பிக்கிறாங்க" என்றாள். மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி. எனக்கு இந்தச் சாத்திரங்களில் நம்பிக்கை பாதி, பயம் முழுசு.

யோசித்து ஒரு தந்திரம் செய்தேன். போன புதன்கிழமை மரமேறும் படோங்கைத் தென்னையில் ஏற்றி இளநீர் இறக்கினேன். வழுக்கை சளி மாதிரி இருந்தால் கரைந்துவிடும், தோல் மாதிரி இருந்தால் மெல்ல முடியாது, சோற்றுப் பதத்தில் இருக்க வேண்டும் என்று உன் அம்மா பாடுபடுத்துவாளே, நகத்தால் சுண்டிச் சுண்டிப் பார்த்து எடுத்தேன். வழுக்கையை நாடா நாடாவாகச் சுரண்டினேன். பழக்கலவை டின்னைச் சல்லடையில் கொட்டி, பாகு போகும்வரை தண்ணீரில் அலசினேன். பச்சையும் சிவப்புமாகப் பாட்டிலில் வருகிற நுங்குத் துண்டுகளையும் அலசினேன். சாயம் கொஞ்சம் போய் நோயாளி மாதிரி ஆகிவிட்டன. ஒரு சொட்டு ஈரம் இல்லாமல் வடியவிட்டு, குளிர்ந்த க்ரீமை அடித்து ஊற்றி, சீஸைச் சதுரமாக வெட்டிப் போட்டேன். இனிப்பு டின்பால் மட்டும் ஊற்றவில்லை. ஐஸ்க்ரீம் டப்பாவில் போட்டுக் குளிரவைத்து எடுத்தபோது பார்வைக்கு அசல் கிறிஸ்துமஸ் சாலட்தான்.

ஒரு வாய் சாப்பிட்டாள். என் முகத்தைப் பார்த்தாள். "நல்லாருக்குப்பா" என்று இன்னும் இரண்டு வாய் சாப்பிட்டாள், எனக்காக. பிறகு குளியலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதாள். குழாய்ச் சத்தத்தில் கேட்காது என்று நினைத்தாள் போல. கேட்டது. பாசிங் அக்கா விஷயம் தெரிந்து, "வயித்துல இருக்கிற பிள்ளையையே ஏமாத்தப் பாக்கிறியா நீ? விளங்குமா?" என்று வேலிக்கு அந்தப் பக்கம் நின்று கத்தினார். தெருவே கேட்டது.

நேற்று நான் சனிக்கிழமைப் பூசைக்குப் போய்த் திரும்பினால், அனலின் சமையலறை மேசையில் உட்கார்ந்திருக்கிறாள். எதிரில் பெரிய கிண்ணம். அவளே செய்திருக்கிறாள். குப்பையில் இரண்டு டின்பால் டின்கள், சுத்தமாக வழித்து எடுத்தவை. கரண்டி ஈரமாகவில்லை. எவ்வளவு நேரமாக உட்கார்ந்திருந்தாளோ, க்ரீம் இளகி ஓரத்தில் தண்ணீர் விட்டிருந்தது. அவளே சொன்னாள். "சாப்பிட்டாலும் பயமா இருக்குப்பா. சாப்பிடாட்டியும் பயமா இருக்கு. நீங்க சொல்லுங்க, நீங்க என்ன சொன்னாலும் கேக்குறேன்."

முப்பது வருடம் ஜீப்னி ஓட்டியவன், எத்தனையோ வளைவில் பிரேக் பிடித்திருக்கிறேன். நேற்று வந்தது வேறு வளைவு. எந்தப் பக்கம் சொல்லி ஏதாவது ஆனாலும், அது நான் சொன்னதால் ஆனதாகிவிடும். கிண்ணத்தை எடுத்துப்போய்த் தெருப் பிள்ளைகளுக்குக் கொடுத்தேன். நிமிஷத்தில் காலி செய்துவிட்டு, பிறந்த நாள் யாருக்கு என்று கேட்டார்கள். அவள் இரவு சாப்பிடவில்லை. எனக்கு அவள்மேல் கோபம் வந்தது, பிறகு உன்மேல் வந்தது, பிறகு உன்னைக் கடலுக்கு அனுப்பிய என்மேல் வந்தது.

இன்று காலை காபி கொடுக்கப் போனேன். கதவு பாதி திறந்திருந்தது. பாய் விரித்து, நீ போன விடுமுறையில் விட்டுப்போன ஆரஞ்சு நிற வேலை உடுப்பை அதில் நீளமாகப் படுக்க வைத்திருந்தாள். கை இரண்டையும் ஒழுங்காக மடித்து, கழுத்துப் பக்கம் தலையணை வைத்திருந்தாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு, மெல்லக் காலைத் தூக்கி, அதைத் தாண்டினாள். திரும்பி வந்து மறுபடியும் தாண்டினாள்.

தூங்குகிற புருஷனைத் தாண்டினால் பெண்டாட்டியின் மசக்கை அவனுக்குப் போய்விடும் என்பார்கள், உனக்குத் தெரியும். உன்னைச் சுமந்தபோது உன் அம்மாவும் என்னைத் தாண்டினாள். ஒரு மாதம் புளி மாங்காயோடு அலைந்தேன். என்னைப் பார்த்ததும் அனலின் வெட்கப்படவில்லை. "ரோட்டர்டாம் வரைக்கும் போகுமாப்பா?" என்று கேட்டாள். போகும் என்றேன். காபி ஆறிப்போய்விட்டது, வேறு போட்டுக் கொடுத்தேன்.

மகனே, இனி என் கையில் ஒன்றும் இல்லை. ஆஸ்பத்திரி சொல்வதை அவளைக் கேட்க வைப்பது என் பொறுப்பு, ஒரு துளிச் சர்க்கரைகூட வீட்டுக்குள் வராது. ஆனால் அவள் பயத்தை இங்கிருந்து யாராலும் எடுக்க முடியாது. வரும் ஞாயிறு நீ கூப்பிடும்போது, அவள் வாய் திறப்பதற்கு முன்னால் நீயே சொல். "என்னன்னே தெரியல, கொஞ்ச நாளா பூக்கோ சாலட் நெனப்பாவே இருக்கு" என்று சொல். நான் எழுதியதைக் காட்டிக்கொள்ளாதே. நீ இனிப்பைத் தொடாதவன் என்று அவளுக்குத் தெரியும். வெறும் வாயால் சொன்னால் கண்டுபிடித்துவிடுவாள். அதனால் முன்கூட்டியே உங்கள் சமையல்காரரைப் பிடி. டின் பழமும் க்ரீமும் கப்பலில் இல்லாமல் இருக்காது. வழுக்கைக்கு அவர் எங்கே போவார், இருப்பதை வைத்துச் செய்யட்டும். டின்பாலைத் தாராளமாக ஊற்றச் சொல். குமட்டினாலும் உட்கார்ந்து கடைசிக் கரண்டிவரை சாப்பிடு, ஜெர்வின். அவளுக்கும் சேர்த்துச் சாப்பிடு. போன வருடத்துக்கும் சேர்த்துச் சாப்பிடு. சாப்பிட்டுவிட்டு, ஆசை தீர்ந்தது, வயிறு நிறைந்தது என்று அவளிடம் உன் வாயால் சொல்.

கடல் உனக்குச் சாதுவாக இருக்கட்டும். கன்னி மரியாள் உங்கள் மூன்று பேரையும் தன் மேலாடைக்குள் வைத்துக் காக்கட்டும். மூன்று என்றுதான் எழுதியிருக்கிறேன்.

உன் அப்பா,
கிறிசாந்தோ