மூணாவது டிக்

குட்டிம்மா,

நீ போனை எடுக்கலை, அதனால எழுதுறேன். நல்லாத்தான் இருக்கேன், முதுகு மட்டும் மக்கர் பண்ணுது.

என் பழக்கம் உனக்குத் தெரியும். மேடையில பேசுறதை ரெக்கார்ட் பண்ணி, மறுநாள் கேட்டு, ஜனங்க சிரிச்ச இடத்துலயெல்லாம் நோட்டுல டிக் போடுவேன். டிக் விழாத ஜோக்கைத் தூக்கிடுவேன். உன் கல்யாணம் நின்னுபோன கதைக்கு மூணு டிக். இருபது வருஷத்துல அப்படி ஒரு சிரிப்பு எனக்கு விழுந்ததில்லை. அந்தச் சத்தம் கேட்டா எனக்குக் கண்ணு மண்ணு தெரியாது.

நேத்து அந்த ரெக்கார்டிங்கை மறுபடி போட்டுக் கேட்டேன். பின் வரிசையிலிருந்து உன் விக்கல் சிரிப்புதான் எல்லாருக்கும் முன்னாடி வருது. அந்தக் கதை ஆரம்பிச்சதும் அது நின்னுடுது. அப்புறம் நாற்காலி நகர்ற சத்தம், கதவு சாத்துற சத்தம். நோட்டைப் பார்த்தேன். கதவு சாத்துற இடத்துலதான் மூணாவது டிக் போட்டிருக்கேன்.

அந்தக் கதையைத் தூக்கிட்டேன். சனிக்கிழமை நிகழ்ச்சிக்கு வா. கதவுப் பக்கத்துலயே உனக்கு நாற்காலி போடச் சொல்லியிருக்கேன். பிடிக்கலைன்னா எந்திரிச்சுப் போ. இந்தத் தடவை மைக்கை வெச்சுட்டு நானும் பின்னாடியே வந்துடுவேன்.

உன் அப்பா