மன்னாருக்குத் திரும்பிய கழுதை

அன்புள்ள அம்மா,

உங்கள் முழங்கால் வலி குறைந்ததா? நான் நல்ல சுகம்.

குருத்தோலை ஞாயிறன்று மட்டும் வீட்டுக்கார அன்ரி என் சமையல் வேலை முடிந்ததும் கேற்றைத் திறந்து என்னைக் கொட்டாஞ்சேனைக் கோயிலுக்கு விட்டார். பவனிக்கு நம் மன்னார்க் குட்டைக் கழுதையொன்றை லொறியில் கொண்டுவந்திருந்தார்கள். பஸ் ஹோர்னுக்கு மிரண்டு, நடுறோட்டில் நின்றுவிட்டது, தள்ளியும் அசையவில்லை. நான் கழுத்தைத் தடவி, "வா ராசா, பயப்பிடாதை" என்றேன். கோயில் வரைக்கும் என் பின்னாலேயே வந்தது. சனம் சிரித்தது.

பிறகு அதை ஏற்றும்போது லொறிக்கார அண்ணன், "நேரே மன்னாருக்குத்தான் போறன், நீயும் ஏறன் தங்கச்சி" என்றார்.

"என்ர ஐடென்டிட்டி காட்டை அன்ரி வாங்கிப் பூட்டி வைச்சிருக்கிறா, அண்ணே."

கழுதை போய்விட்டது.

யாராவது கொழும்புக்கு வந்தால் கொஞ்சம் கருவாடு கொடுத்துவிடுங்கள். கேற்றடியில் நின்று என் பெயரைச் சொல்லிக் கூப்பிடச் சொல்லுங்கள். இங்கே யாரும் சொல்வதில்லை. அன்ரி மணி அடிக்கிறார்.

மகள்,
மெற்றில்டா